கூடத்தை நிரப்பும் அலை: பள்ளிப்பட்டு வட்டாரத்தின் பெரிய அறைகளும் கம்பியில்லாக் கருவிகளும்

ஓர் அறை எப்போது பெரிய அறையாகிறது என்பதைச் சதுர அடிக் கணக்கு மட்டும் தீர்மானிப்பதில்லை. ஒரு மூலையில் எழும் ஒலியோ மின்காந்த அலையோ மறு மூலையைச் சென்றடையும் முன்பே கூரையிலும் தூணிலும் தகரத்திலும் மனித உடலிலும் பட்டுச் சிதறி, ஒரு பகுதி உறிஞ்சப்பட்டு, எஞ்சியது தன் எதிரொலியோடு தானே மோதிக்கொள்ளும் அளவுக்கு இடம் விரிந்திருக்குமானால், கருவியை எங்கே வைப்பது, எத்தனை வைப்பது, எந்தத் திறனில் இயக்குவது என்னும் கேள்விகள் அங்கே எழுந்துவிடுகின்றன. கல்யாண மண்டபத்தில் ஒலிபெருக்கி கட்டிய மைக் செட்காரர் ஒரு தலைமுறைக்கு முன்பே விடை தேடிய கேள்விகள் இவை. அதே மண்டபத்தில் ரூட்டரை, அதாவது வெளியிலிருந்து வரும் ஒரே இணைய இணைப்பைக் கூடத்திலுள்ள பல கருவிகளுக்கும் அலைவழியே பங்கிட்டுத் தரும் பெட்டியை, பொருத்த வருகிறவர் இன்று விடை தேடும் கேள்விகளும் இவையே. இவ்விரு தொழில்களுக்கும் இடையிலுள்ள உறவுக்கு இயற்பியல் அடிப்படை ஒன்று உண்டு. அதை மறந்து, பெட்டியின் வலிமையை மட்டும் கேட்டு வாங்கும் பழக்கமே பெரிய கூடங்களில் வைஃபை தோற்பதற்குப் பெரும்பாலும் காரணமாகிறது. பள்ளிப்பட்டு வட்டாரத்தின் கூடங்களை முன்வைத்து அந்த வரலாற்றைத் தொடரலாம்.

திருவள்ளூர் மாவட்டத்தின் வடமேற்கு விளிம்பில், கொசஸ்தலை ஆற்றை ஒட்டி அமைந்த பள்ளிப்பட்டு, எல்லைக்கோடுகள் தன் மேல் பலமுறை நகர்ந்து சென்ற ஊர். பழைய வட ஆர்க்காட்டின் பகுதியாக இருந்த இவ்வட்டாரம் 1911-இல் சித்தூர் மாவட்டம் உருவானபோது அதனுள் சென்றது, 1953-இல் ஆந்திரம் தனி மாநிலமானபோது அதோடு போனது, ம.பொ.சிவஞானம் முன்னின்று நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்துக்கும் எல்லையை வகுக்க அமர்த்தப்பட்ட படாஸ்கரின் பரிந்துரைக்கும் பிறகு, 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணியோடு சேர்ந்து சென்னை மாநிலத்துக்குத் திரும்பியது. செங்கல்பட்டு மாவட்டத்திலிருந்து பிரிந்து திருவள்ளூர் தனி மாவட்டமானது 1997-இல். எல்லை எங்கே நகர்ந்தாலும் நகராத ஒன்று நெசவு. பொதட்டூர்பேட்டை, அத்திமாஞ்சேரிப்பேட்டை, அம்மையார்குப்பம் முதலிய ஊர்களில் கைத்தறி இருந்த இடங்களில் பின்னர் விசைத்தறி பரவியது; எல்லைக்கு அப்பாலுள்ள நகரியும் புத்தூரும்கூட விசைத்தறி ஊர்களே. தறிக்காரரின் வீட்டுத் திண்ணையும் குழித்தறி போட்ட நடையும் போதாமல், தகரமோ கல்நார் ஓடோ வேய்ந்த நீண்ட கொட்டகைகள் எழுந்தன. இந்த வட்டாரம் அறிந்த முதல் வகைப் பெரிய அறை அதுவே. இரண்டாவது திருமண மண்டபம். மூன்றாவது பள்ளியின் கூட்ட அரங்கும் கணினிக்கூடமும்.

இம்மூன்றும் அலைக்கு வெவ்வேறு குணம் காட்டுபவை. தறிக்கொட்டகையில் வரிசை வரிசையாக இரும்புச் சட்டங்கள் நிற்கின்றன. மேலே தகரம், கீழே சிமெண்டுத் தரை, காற்றில் பஞ்சுத் தூசி. மண்டபமோ காலியாக இருக்கும்போது ஒரு குணமும் முகூர்த்த நேரத்தில் வேறொரு குணமும் கொண்டது. பள்ளி அரங்கு இவ்விரண்டுக்கும் இடைப்பட்டது. அங்கே சிக்கலைத் தருவது சுவரைவிட, ஒரே நேரத்தில் ஒரே இணையப் பக்கத்தைத் திறக்க முயலும் நாற்பது கருவிகள்தாம்.

கூடத்தின் குணத்தை முதன்முதலில் எண்ணாக அளந்து காட்டிய முயற்சியும், கம்பியின்றி ஒரு கூடத்தைக் கடந்து அலையை அனுப்பிக் காட்டிய முயற்சியும் ஏறக்குறைய ஒரே காலத்தில் நிகழ்ந்தவை என்பது வரலாற்றின் வேடிக்கைகளுள் ஒன்று. 1895-இல் கல்கத்தா நகர மண்டபத்தில் ஜகதீஷ் சந்திர போஸ், வங்காளத் துணை ஆளுநர் உள்ளிட்ட பார்வையாளர் முன்னிலையில், சுமார் 75 அடி தொலைவுக்குச் சுவரையும் மனித உடலையும் ஊடுருவிச் சென்ற அலைகளைக் கொண்டு மணியொன்றை ஒலிக்கச் செய்தார். அவர் ஆய்வுகளில் கையாண்ட அலைகள் சில மில்லிமீட்டர் நீளமே கொண்டவை; நூறாண்டுக்கு மேல் கழித்து 60 ஜிகாஹெர்ட்ஸ் வைஃபை என்ற பெயரில் சந்தைக்கு வந்த கருவிகள் அந்த அளவிலான அலைகளையே பயன்படுத்துகின்றன. அதே 1895-இல் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் ஃபாக் அருங்காட்சியகத்தின் விரிவுரைக் கூடத்தில் பேச்சே விளங்கவில்லை என்ற முறையீடு எழுந்ததால், வாலஸ் சபைன் என்ற இளம் ஆசிரியர் அதை ஆராய அமர்த்தப்பட்டார். அக்கூடத்தில் ஒரு சொல் ஐந்தரை நொடி வரை எதிரொலித்துக்கொண்டிருந்தது. முன் சொல் அடங்குவதற்குள் பின் சொற்கள் பல வந்து அதன் மேல் விழுந்தன. அருகிலிருந்த அரங்கிலிருந்து இருக்கை மெத்தைகளை இரவில் சுமந்துவந்து பரப்பி, பொழுது விடிவதற்குள் திருப்பி வைத்து, எத்தனை மெத்தைக்கு எத்தனை நொடி எதிரொலி குறைகிறது என்று அவர் அளந்தார். ஓர் ஆள் ஏறத்தாழ ஆறு மெத்தைகளுக்கு ஈடாக ஒலியை உறிஞ்சுகிறார் என்பது அவர் கண்டவற்றுள் ஒன்று. சபை நிறைந்த கூடமும் வெறுங்கூடமும் வெவ்வேறு கூடங்கள் என்பதைக் கச்சேரி செய்தவர்கள் எப்போதும் அறிவார்கள். சபைன் அதற்குக் கணக்கு எழுதினார்.

தமிழகத்தில் கம்பியில்லா ஒலிபரப்பு தொடக்கத்திலிருந்தே பொதுவிடத்தை நாடியது. சி.வி.கிருஷ்ணசாமி செட்டியின் முயற்சியால் 1924-இல் தோன்றிய சென்னை மாகாண வானொலிக் கழகம் அவ்வாண்டு ஜூலை 31 அன்று ஒலிபரப்பைத் தொடங்கி, பணமுடையால் 1927-இல் நின்றுபோனது. அதன் கருவியைப் பெற்றுக்கொண்ட சென்னை மாநகராட்சி 1930 ஏப்ரல் 1 முதல் தானே ஒலிபரப்பியதோடு, வீட்டில் வானொலிப் பெட்டி வாங்க வசதியில்லாதவர்களுக்காகக் கடற்கரையிலும் பூங்காக்களிலும் ஒலிபெருக்கிகளை நிறுவியது. 1938 ஜூன் 16 அன்று அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் தொடங்கிய பிறகு சிற்றூர்களுக்கும் பொதுவானொலிப் பெட்டிகள் சென்றன. பஞ்சாயத்துக் கட்டடத்துக்குள் பூட்டப்பட்ட பெட்டியும், வெளியே கம்பத்தில் தொங்கிய கூம்பும், மாலையில் அதன் கீழ் கூடிய கூட்டமும் சேர்ந்து ஒரு தலைமுறையின் கம்பியில்லா அனுபவமாயின. பெட்டி ஒன்று, கேட்பவர் பலர் என்ற அந்த அமைப்பு, கூரை இல்லாத பெரிய அறை ஒன்றை உருவாக்கியது எனலாம்.

வானொலிப் பெட்டியை வைத்திருப்பதற்கே அன்று உரிமம் வேண்டியிருந்தது. 1885-ஆம் ஆண்டின் தந்திச் சட்டமும் 1933-ஆம் ஆண்டின் கம்பியில்லாத் தந்திச் சட்டமும் அலையை அரசின் உடைமையாகக் கருதின. பின்னதன்படி, உரிமமின்றிக் கம்பியில்லாக் கருவியைக் கைவசம் வைத்திருப்பதே குற்றம். அஞ்சலகத்தில் கட்டணம் செலுத்திச் சிறு புத்தகத்தில் முத்திரை பெறும் வழக்கம் 1980-கள் வரை நீடித்தது. இன்று ஒவ்வொரு வீட்டிலும் இரவும் பகலும் அலை பரப்பிக்கொண்டிருக்கும் ரூட்டர் அந்தச் சட்டத்தின் கண்ணில் அனுப்புநிலையம் ஒன்றுக்குச் சமம் என்பதை நினைத்துப் பார்த்தால், இடையில் நிகழ்ந்த மாற்றத்தின் அளவு புரியும்.

கூடத்தை ஒலியால் நிரப்பும் கலையை ஊரளவில் வளர்த்தவர்கள் பொறியாளர்கள் அல்லர், மைக் செட்காரர்கள். ஆம்ப்ளிஃபையரின் திறனை ஏற்றிக்கொண்டே போனால் முன்வரிசைக்குக் காது அடைக்குமே தவிரப் பின்வரிசைக்குச் சொல் விளங்காது என்பதை அவர்கள் பட்டறிந்திருந்தார்கள். ஒரே கூம்பை மேடையில் வைத்து அலறவிடுவதைவிட, நான்கு பெட்டிகளைப் பக்கச் சுவர்களில் இடைவெளி விட்டு மாட்டி, ஒவ்வொன்றையும் தணிந்த ஒலியில் இயக்குவது மேல். பெட்டி தலைக்கு மேலே, சற்றே கீழ்நோக்கிச் சாய்ந்திருக்க வேண்டும். ஒலிவாங்கியின் எதிரே ஒலிபெருக்கியை வைத்தால் கூவும். ஆள் நிறைந்ததும் ஒலியைச் சிறிது கூட்ட வேண்டும். இவை எழுதப்படாத விதிகள். பந்தி நடக்கும் கூடத்துக்குத் தனிக்கம்பி இழுப்பதும், சமையற்கட்டின் பக்கம் பெட்டி வைக்காததும் இவற்றைச் சேர்ந்தவை. இந்த அறிவுக்குப் பாடநூல் இல்லை. அதை யாரும் ஓர் அறிவுத்துறையாக மதித்ததும் இல்லை.

அந்த விதிகள் வைஃபைக்கும் வியப்பூட்டும் அளவுக்குப் பொருந்திவருவதற்குக் காரணம் அலையின் நீளம். அலைநீளம் என்பது ஓர் அலையின் ஒரு முகட்டுக்கும் அடுத்த முகட்டுக்கும் இடையிலுள்ள தொலைவு. ஒரு தடையை அலை சுற்றிக்கொண்டு போகுமா, அதில் பட்டுத் திரும்புமா என்பதை அத்தொலைவுக்கும் தடையின் பருமனுக்கும் உள்ள விகிதமே முடிவு செய்கிறது. பெரும்பாலான ரூட்டர்கள் பயன்படுத்தும் 2.4 ஜிகாஹெர்ட்ஸ் அலையின் நீளம் சுமார் 12.5 சென்டிமீட்டர். நொடிக்கு 2,700 முறை அதிரும் ஒலி, அதாவது மனிதப் பேச்சின் தெளிவுக்கு இன்றியமையாத அதிர்வெண் எல்லைக்குள் வரும் ஒலி, காற்றில் கொள்ளும் நீளமும் ஏறத்தாழ அதுவே. எனவே ஒரு தூண் பேச்சுக்கு எவ்வளவு பெரிய தடையோ, கிட்டத்தட்ட அவ்வளவு பெரிய தடையாக 2.4 ஜிகாஹெர்ட்ஸ் அலைக்கும் அமைகிறது. 5 ஜிகாஹெர்ட்ஸ் அலையோ ஐந்தாறு சென்டிமீட்டர் நீளமே கொண்டது. பேச்சில் ச, ஸ முதலிய உரசொலிகளின் மேற்பகுதி தூணுக்குப் பின்னால் மங்கிப்போவதைப் போல இதுவும் தடைக்குப் பின்னால் விரைவில் மெலிகிறது. சபைனின் மெத்தைக் கணக்கும் இங்கே திரும்பி வருகிறது. மனித உடல் பெரும்பகுதி நீராலானது. நீர் இந்த அலைகளை நன்றாக உறிஞ்சும். காலையில் வெறும் மண்டபத்தில் சோதித்துப் பார்த்து நன்றாக இருக்கிறது என்று சொல்லப்பட்ட இணைப்பு, ஆயிரம் பேர் அமர்ந்த பின் தடுமாறுவதில் புதிர் எதுவும் இல்லை.

ஒப்புமை ஓரிடத்தில் நின்றுவிடுகிறது. அந்த இடமே ரூட்டரைத் தேர்ந்தெடுப்பதில் முதன்மையானது. ஒலிபெருக்கி பேசினால் போதும், கேட்பவர் மறுமொழி சொல்ல வேண்டியதில்லை. ரூட்டருக்கோ கூடத்திலுள்ள ஒவ்வொரு கைப்பேசியும் பதில் பேசியாக வேண்டும். கைப்பேசியின் அனுப்புதிறன் சிறியது. எனவே பெட்டியின் வலிமையை மட்டும் ஏற்றினால், தொலைவிலுள்ள கைப்பேசித் திரையில் கோடுகள் நிறைந்து காட்டும், ஆனால் பக்கம் திறக்காது; ரூட்டர் பேசுவது கைப்பேசிக்குக் கேட்கிறது, கைப்பேசி பேசுவது ரூட்டருக்குக் கேட்பதில்லை. வலிமையை ஏற்றுவதன் பலனும் அற்பமே. திறந்த வெளியிலேயே தொலைவு இரட்டித்தால் வந்து சேரும் ஆற்றல் நான்கில் ஒன்றாகிவிடும். எட்டும் தொலைவை இரட்டிக்க வேண்டுமானால் திறனை நான்கு மடங்காக்க வேண்டும் என்பது இதன் மறுபக்கம்.

வைஃபை தோன்றியதே பெரிய அறைக்காக என்பது பலர் கவனிக்காத செய்தி. 1971-இல் ஹவாய் பல்கலைக்கழகத்தில் நார்மன் ஆப்ராம்சன் குழுவினர், தீவுகளுக்கிடையே கணினித் தரவை வானொலி அலையில் அனுப்பும் அலோகா வலையமைப்பை இயக்கிக் காட்டினர். பலர் ஒரே அலைவரிசையைப் பகிரும்போது பேச்சுகள் மோதிக்கொண்டால் சற்றுப் பொறுத்து மீண்டும் அனுப்பலாம் என்ற எண்ணம் அங்கிருந்து வந்தது. 1985-இல் அமெரிக்கத் தகவல்தொடர்பு ஆணையம், நுண்ணலை அடுப்பு முதலிய கருவிகளுக்கென ஒதுக்கப்பட்டு, குப்பை அலைவரிசைகள் என்று கருதப்பட்ட பகுதிகளில் உரிமமின்றித் தரவு அனுப்ப வழிவிட்டது. அந்த வழியைப் பிடித்துக்கொண்டவர்களுள் காசுப் பதிவு இயந்திரங்கள் செய்த என்.சி.ஆர். நிறுவனத்தின் நெதர்லாந்துக் கிளையும் ஒன்று. பெரிய பல்பொருள் அங்காடிகளில் கல்லாப் பெட்டிகளின் இடத்தை மாற்றும்போதெல்லாம் தரையைத் தோண்டிக் கம்பி மாற்ற வேண்டியிருந்தது. அந்தச் செலவைத் தவிர்க்க 1990-ஐ ஒட்டி வேவ்லேன் என்னும் கருவியை அவர்கள் உருவாக்கினர். அக்குழுவைச் சேர்ந்த விக் ஹேஸ் தலைமையேற்று நடத்திய நீண்ட விவாதங்களின் விளைவாக வைஃபையின் அடித்தளமான 802.11 என்ற பொதுத் தரநிலை 1997-இல் வெளியானது. அதன் வேகம் நொடிக்கு 20 லட்சம் துணுக்குகள் மட்டுமே. துணுக்கு என்பது ஆம் அல்லது இல்லை என்னும் ஒரு விடையளவான மிகச்சிறிய தரவு. கல்லாப் பெட்டிக்கு அது போதும்.

அதற்கு மேல் வேகம் கூட்ட முயன்றபோது குறுக்கே நின்றது ஃபாக் கூடத்தின் பழைய எதிரொலிதான். அலை நேராக ஒருமுறையும், தகரத்தில் பட்டு ஒருமுறையும், சுவரில் பட்டு மற்றொருமுறையும் என்று பல வழிகளில் சற்றே தாமதித்து வந்து சேர்கிறது. துணுக்குகள் விரைந்து ஒன்றன்பின் ஒன்றாக வரும்போது முன் துணுக்கின் எதிரொலி பின் துணுக்கின் மேல் விழுந்து இரண்டையும் கெடுக்கிறது. இதைப் பல்வழிக் குழப்பம் எனலாம். இதற்கு ஒரு வழியைக் கண்டவர்களுள் வானொலி விண்மீனியல் பயின்ற ஜான் ஓ'சலிவன் உள்ளிட்ட ஆஸ்திரேலிய அரசு ஆய்வு நிறுவனத்தார் முக்கியமானவர்கள். அவர்களது அமெரிக்கக் காப்புரிமை 1996-இல் வழங்கப்பட்டது, பின்னாளில் பெருநிறுவனங்களோடு நடந்த வழக்குகளின் வழியே 40 கோடி ஆஸ்திரேலிய டாலருக்கு மேல் ஈட்டித் தந்தது. ஒரே விரைவான ஓட்டமாகப் பேசுவதை விடுத்து, தரவைப் பல மெல்லிய இழைகளாகப் பிரித்து, ஒவ்வோர் இழையிலும் மெதுவாகப் பேசி, எழுத்துக்கும் எழுத்துக்கும் இடையே சிறு இடைவெளி விடுவதே அந்த வழியின் சாரம். நெசவூருக்கு இதை விளக்குவது எளிது: ஒரே தடித்த கயிற்றுக்குப் பதிலாக, தறியில் பல இழைகளாக ஓடும் பாவு. 1999-இல் வந்த 802.11 ஏ என்னும் தரநிலையில் அந்த இடைவெளி 0.8 மைக்ரோநொடி, அந்நேரத்தில் அலை 240 மீட்டர் கடந்துவிடும் என்பதால், நேர்வழியைவிட 240 மீட்டர் வரை சுற்றிவரும் எதிரொலியைக்கூட அது தாங்கும். எந்தத் தறிக்கொட்டகைக்கும் எந்த மண்டபத்துக்கும் இந்த அளவு தாராளம்.

எதிரொலியைத் தாங்குவதற்கு அடுத்த படி அதைப் பயன்படுத்திக்கொள்வது. இங்கே கொங்கு நாட்டுக்காரர் ஒருவர் வருகிறார். 1944-இல் பொள்ளாச்சியில் பிறந்த ஆரோக்கியசாமி பால்ராஜ் இந்தியக் கடற்படையில் சேர்ந்து, 1971 இந்திய-பாகிஸ்தான் போரில் குக்ரி என்ற போர்க்கப்பல் நீர்மூழ்கியால் மூழ்கடிக்கப்பட்ட பிறகு நீர்மூழ்கிகளைக் கண்டறியும் சோனார் கருவிகளை மேம்படுத்தும் பணியில் ஈடுபட்டவர். கடலடியும் ஒரு பெரிய அறைதான். ஒலி மேற்பரப்பிலும் தரையிலும் பட்டுத் திரும்பித் திரும்பி வரும், பல உணரிகளை வரிசையாக வைத்து அந்தக் குழப்பத்திலிருந்து திசையைப் பிரித்தெடுக்க வேண்டும். ஓய்வுக்குப் பின் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம் சென்ற அவர், பல அலைவாங்கிகளைக் கொண்டு ஒரே அலைவரிசையில் ஒரே நேரத்தில் பல ஓட்டங்களை அனுப்பலாம் என்ற கருத்தை முன்வைத்தார். அங்கிருந்த பேராசிரியர் தாமஸ் கைலாத்தோடு சேர்ந்து பெற்ற காப்புரிமை 1994-ஆம் ஆண்டினது. மைமோ என வழங்கும் அந்த முறையில், ஒவ்வோர் ஓட்டமும் அறையின் சுவர்களில் வெவ்வேறு விதமாகத் தெறித்து வருவதே அவற்றைப் பிரித்தறிய உதவும் அடையாளமாகிறது; எதிரொலி பகையாக இருந்த நிலை மாறி உறவாகிறது. 2009-இல் வெளியான 802.11 என் தரநிலையில் மைமோ இடம்பெற்றது. கடைகளில் ரூட்டரின் முதுகில் நான்கு, ஆறு என்று அலைவாங்கிக் குச்சிகள் முளைத்தது அதன் பிறகுதான். குச்சி கூடினால் தொலைவு கூடும் என்று விற்பவரும் நம்புகிறார், வாங்குபவரும் நம்புகிறார். உண்மையில் குச்சிகளின் எண்ணிக்கை முதன்மையாகக் குறிப்பது ஒரே நேரத்தில் பேசக்கூடிய ஓட்டங்களையே. சில பெட்டிகளில் அதுவும் அலங்காரம்தான்.

இந்தியச் சட்டம் இக்கருவிகளுக்கு முழுமையாக வழிவிட்டது 2005 ஜனவரி 28 தேதியிட்ட அறிவிக்கையால். 2400 முதல் 2483.5 மெகாஹெர்ட்ஸ் வரையிலான பகுதியில், அலைபரப்பும் திறன் 4 வாட்டுக்கு மிகாத கருவிகளுக்கு உரிமம் தேவையில்லை என்று அது விதித்தது. 5 ஜிகாஹெர்ட்ஸ் பகுதியில் தாராளமான இடம் 2018 அக்டோபரில்தான் கிடைத்தது. முன்னதில் மொத்த அகலமே 83.5 மெகாஹெர்ட்ஸ், ஒன்றன்மேல் ஒன்று படியாமல் மூன்று தடங்கள் மட்டுமே அதில் அடங்கும். பின்னதில் இருபதுக்கும் மேற்பட்டவை அடங்கும். பெரிய கூடத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட பெட்டிகளை வைக்கும்போது ஒவ்வொன்றுக்கும் தனித்தடம் வேண்டும் என்பதால், 5 ஜிகாஹெர்ட்ஸ் குறைவாகவே எட்டும் என்ற குறை அங்கே நன்மையாகிறது. ஒரு பெட்டியின் பேச்சு அடுத்ததன் எல்லைக்குள் அதிகம் போய் விழுவதில்லை. மைக் செட்காரரின் தணிந்த ஒலி விதி இதுவே.

கம்பியில்லா இணைப்பைச் சிற்றூருக்குக் கொண்டுசெல்லும் சோதனைகளில் தமிழகம் முன்னே நின்றது. சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் அசோக் ஜுன்ஜுன்வாலா குழுவினர் 1990-களில் உருவாக்கிய கார்டெக்ட், வீடுவரை செல்லும் கடைசிக் கம்பிக்குப் பதிலாக அலையைக் கொண்டு தொலைபேசியையும் இணையத்தையும் ஊருக்குத் தந்தது. தேனிப் பகுதியில் அரவிந்த் கண் மருத்துவமனையும் பெர்க்லி பல்கலைக்கழக ஆய்வாளரும் சேர்ந்து, திசை குவித்த அலைவாங்கிகள் வழியே சாதாரண வைஃபையைப் பல கிலோமீட்டர் அனுப்பி, ஊர்ப்புறக் கண் பரிசோதனை மையங்களிலிருந்த நோயாளிகளை மருத்துவர்கள் காணொளியில் பார்க்கச் செய்தனர். வயல்வெளிக்கு மேல் பல கிலோமீட்டர் சென்ற அதே அலை தறிக்கொட்டகையில் நூறடி போகத் திணறுவது கேட்பவருக்கு முரணாகத் தோன்றலாம்; வெளியில் தடையும் இல்லை, எதிரொலியும் இல்லை.

பள்ளிப்பட்டுப் பக்கத்துக் கூடங்களில் அலையின் தேவை படிப்படியாகவே வளர்ந்தது. 2011 செப்டம்பர் 15 அன்று திருவள்ளூர் மாவட்டத்தில் தொடங்கிவைக்கப்பட்ட, மாணவர்களுக்கான அரசின் மடிக்கணினித் திட்டம், ஒரே அறையில் பல கணினிகள் என்ற நிலையை அரசுப் பள்ளிக்குக் கொண்டுவந்தது. 2016 செப்டம்பரில் ஜியோ கைப்பேசிச் சேவை வந்து தரவின் விலை சரிந்தபோது வைஃபைக்கே இனி வேலையில்லை என்று தோன்றியது. ஆனால் தகரக் கூரையின் கீழ் கைப்பேசிக் கோபுரத்தின் அலை எட்டுவதில்லை, எட்டும் இடங்களிலும் எல்லையோரக் கைப்பேசி ஆந்திரக் கோபுரத்துக்கும் தமிழகக் கோபுரத்துக்கும் மாறி மாறித் தாவக்கூடும். 1960-இல் வரைந்த கோட்டை அலை இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை. 2018 ஏப்ரல் முதல் மாநிலம் கடந்து செல்லும் சரக்குக்கு இணையத்தில் எடுக்க வேண்டிய மின்வழிச் சீட்டு கட்டாயமானதால், நகரிப் பக்கம் நூலோ துணியோ அனுப்புகிறவருக்குக் கொட்டகையிலேயே இணையம் வேண்டியதாயிற்று. கண்காணிப்புக் கேமராவும் அதோடு சேர்ந்துகொண்டது.

இக்கூடங்களில் பெட்டி வைக்கப்படும் இடத்தை இயற்பியல் தீர்மானிப்பதில்லை, கம்பி தீர்மானிக்கிறது. கண்ணாடியிழை எந்த ஜன்னல் வழியாக உள்ளே நுழைகிறதோ அந்த ஜன்னலின் ஓரத்தில், பெரும்பாலும் கணக்கு மேசைக்கு மேலே, இணைப்புத் தருபவர் பெட்டியை மாட்டிவிட்டுப் போகிறார். அங்கிருந்து அலையின் பாதி சாலைக்குச் செல்கிறது. மீதிப் பாதி முதல் இரண்டு வரிசைத் தறிகளின் இரும்பில் முட்டி நிற்கிறது. தறிகள் இடுப்பளவோ மார்பளவோ உயரமானவை என்பதால், பெட்டியை அவற்றுக்கு மேலே, கூடத்தின் நடு உத்தரத்தில் தொங்கவிட்டாலே பாதிச் சிக்கல் தீரும். நிமிர்த்திய குச்சி தன் பக்கவாட்டில் அலையைப் பரப்புமே தவிர நுனியின் நேரே பரப்பாது. எனவே நடுவில் தொங்கும் பெட்டிக்குக் குச்சிகளைச் செங்குத்தாகவும், கூரையில் பதிக்கும் தட்டு வடிவப் பெட்டியானால் முகத்தைக் கீழ்நோக்கியும் வைக்க வேண்டும். தகரத்தோடு ஒட்டி மாட்டுவது கூடாது; பஞ்சு படிந்து காற்றுத் துளைகள் அடையாதபடி அவ்வப்போது துடைக்கவும் வேண்டும்.

எட்டாத மூலைக்கு ரிப்பீட்டர் எனப்படும் மறுஒலிபரப்பிகளை வாங்கிச் செருகுவதே மலிவான வழியாக இன்று பரவியிருக்கிறது. அது தண்டோராக்காரனைப் போன்றது. முதலில் கேட்டுக்கொண்டு பிறகு சொல்கிறது. ஒரே அலைவரிசையில் கேட்பதும் சொல்வதும் நடப்பதால் நேரம் இரட்டிக்கிறது, வேகம் ஏறத்தாழப் பாதியாகிறது. ரிப்பீட்டருக்கு அடுத்து இன்னொரு ரிப்பீட்டர் என்றால் வேகம் மேலும் குறையும். மெஷ் எனப்படும் வலைப்பின்னல் பெட்டிகள், குறிப்பாகத் தங்களுக்குள் பேசத் தனி அலைவரிசை கொண்டவை, இக்குறையை ஓரளவு தவிர்க்கின்றன. மண்டபத்துக்கும் பள்ளிக்கும் தொலைவைவிட நெரிசலே சிக்கல் என்பதால், ஒரே நேரத்தில் பலருக்குச் சிறு சிறு பங்காக அலைவரிசையைப் பிரித்துக் கொடுக்கும் 802.11 ஏஎக்ஸ், அதாவது வைஃபை 6 என வழங்கும், 2021-இல் முழுமை பெற்ற தரநிலையின் கருவிகள் அங்கே பொருந்தும். பெட்டியின் அட்டையில் அச்சிட்டிருக்கும் ஆயிரக்கணக்கான வேகம், எல்லா அலைவரிசைகளையும் கூட்டிச் சொன்ன வெறும் கூட்டுத்தொகை. அதைப் பார்த்துத் தேர்ந்தெடுப்பது ஆம்ப்ளிஃபையரின் வாட்டைப் பார்த்து மைக் செட்டை ஏற்பாடு செய்வதற்கு ஒப்பு.

நல்ல விளைவு தரும் முறை பழையதே. கூடத்தின் இரண்டு மூன்று இடங்களில் அணுகுபுள்ளி எனப்படும் சிறு பெட்டிகளைத் தணிந்த திறனில் வைத்து, ஒவ்வொன்றையும் லேன் கம்பியால் மூலப்பெட்டியோடு இணைப்பது. அந்தக் கம்பி நூறு மீட்டர் வரை தளராமல் தரவைக் கொண்டுசெல்லும். 2003-ஆம் ஆண்டின் தரநிலைக்குப் பிறகு மின்சாரத்தையும் அதுவே கொண்டுசெல்வதால், உத்தரத்துக்குத் தனி மின்இணைப்பு இழுக்க வேண்டியதில்லை, மின்தடையின்போது ஒரே இடத்தில் மின்கலம் வைத்தால் எல்லாப் பெட்டிகளும் இயங்கும். கம்பியில்லா வசதிக்காகக் கூடம் பெரிதாகப் பெரிதாக மேலும் மேலும் கம்பி வேண்டியிருக்கிறது என்பதைக் கேட்டு உரிமையாளர்கள் சலித்துக்கொள்வது இயல்பு. மைக் செட்காரர்களுக்கு அதில் புதுமை ஒன்றும் தோன்றாது. மண்டபத்தில் அவர்கள் பக்கச் சுவர்களுக்கு ஒயர் கொண்டுபோன அதே உத்தர ஓரமும் அதே கொக்கிகளும்தான் லேன் கம்பிக்கும் எளிய வழி.